அந்தச் சட்டையைத் திருப்பி அனுப்புகிறேன்

அண்ணா,

ஏழு வருடங்களாகத் தள்ளிப்போட்டேன். நேற்றுதான் துவைத்து, இஸ்திரி போட்டு, உறையில் வைத்தேன். திங்கட்கிழமை தபாலில் போகும். யாருடைய சட்டை, எப்படி என்னிடம் வந்தது என்பதை இங்கே எழுதப் போவதில்லை. உங்கள் அம்மாவும் இதைப் படிக்கக்கூடும்.

நாம் 'ஃபுல்மெட்டல் ஆல்கெமிஸ்ட்' என்ற ரசவாதிகள் கதையின் அனிமே படமான 'கான்கரர் ஆஃப் ஷம்பாலா' பார்த்த இரவு என்னை விடவே இல்லை. படத்தை நிறுத்தி நிறுத்தி விளக்கினீர்கள். 1923 நவம்பரில் ஜெர்மனியில் ஒரு ரொட்டியின் விலை 20,000 கோடி மார்க் என்றீர்கள். படத்தில் வரும் தூலே சங்கம் என்ற ஜெர்மானியக் குழு நிஜம், மியூனிக் பீர் மண்டபத்தில் ஹிட்லர் செய்த கலகம் நிஜம் என்றீர்கள். படத்தில் டிராகனைத் தேடும் இயக்குநர் ஃபிரிட்ஸ் லாங், நிஜத்திலும் 1924-இல் டிராகன் வரும் படமே எடுத்தார் என்றபோது உங்கள் முகத்தில் எவ்வளவு மகிழ்ச்சி! ரசவாதத்தை விட்டுவிட்டு வரலாற்றையே கேட்டுக்கொண்டிருந்தேன்.

ஆனால் நான் பார்த்தது ஹைடெரிச்சை மட்டும்தான். கதாநாயகன் எட்வர்டின் தம்பியுடைய அதே முகம், அதே அல்போன்ஸ் என்ற பெயர். ரத்தம் வர இருமிக்கொண்டே ராக்கெட் செய்கிறான். கூடவே குடியிருக்கும் எட்வர்டோ தான் விட்டுவந்த வேறோர் உலகத்தையே நினைத்துக்கொண்டிருக்கிறான். அவனை அங்கே அனுப்பிவைத்துவிட்டு ஹைடெரிச் குண்டடிபட்டுச் சாகிறான். அதன் பிறகு அசல் தம்பி மியூனிக் வந்து சேர்கிறான். அண்ணனும் தம்பியும் சேர்ந்ததற்கு நீங்கள் அழுதீர்கள்.

அப்போதுதான் அதைச் சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. உங்கள் தம்பி போய் ஒரு வருடம்கூட முடியாத நேரம். மன்னித்துவிடுங்கள், அண்ணா.

ஆனாலும் இரண்டு வருடங்களில் என் பிறந்தநாள் என்றைக்கு என்று ஒருமுறையாவது கேட்டீர்களா? ஞாயிறுதோறும் ரவா தோசை வாங்கி வந்தீர்கள். அது அவனுக்குப் பிடித்தது. எனக்குப் பிடிக்குமா என்று கேட்கவே இல்லை. நானும் சொல்லவில்லை, சாப்பிட்டேன். எனக்குக் காய்ச்சல் வந்தபோது நான்கு இரவுகள் தூங்காமல் உட்கார்ந்திருந்தீர்கள். ஈரத்துணியை மாற்றிய அந்தக் கை யாருக்காக மாற்றியது என்று இன்றும் தெரியவில்லை. யாருக்காக இருந்தாலும் பிழைத்தது நான்தான்.

நீங்கள் ஊருக்குப் புறப்பட்ட அன்று ரயில் நிலையத்துக்கு வராதது கோபத்தால் அல்ல. வந்திருந்தால் "தம்பி" என்று கூப்பிட்டிருப்பீர்கள். நானும் திரும்பிப் பார்த்திருப்பேன்.

சட்டையில் மேலிருந்து இரண்டாவது பொத்தான் மட்டும் வேறு நிறத்தில் இருக்கும். அது நான் தைத்தது. மாற்ற வேண்டாம்.