பத்துக் கன்று நட்டால் காடு வந்துவிடுமா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு மலரில் மரம் நடும் இயக்கத்தைப் பற்றி முழுப் பக்கக் கட்டுரை வந்திருந்தது. அதன் கடைசிப் பத்தியில் ஒரு வரி: "வெட்டப்படும் ஒவ்வொரு மரத்துக்கும் பத்துக் கன்றுகள் நடப்படுவதால் நம் காடுகளுக்கு இழப்பு ஏதுமில்லை." எழுதியவர் யாரென்று எனக்குத் தெரியாது. ஆனால் அச்சுக்குப் போகுமுன் நீங்கள் படித்திருப்பீர்கள். நாட்டு நடப்பு அத்தனையும் அறிந்த நீங்கள் இந்த வரியை எப்படி விட்டீர்கள் என்று இன்னமும் எனக்கு ஆறவில்லை.

நான் சிலாங்கூரில் ஒரு நாற்றுப் பண்ணையில் காட்டு மரக் கன்றுகளை வளர்த்து ஓய்வு பெற்றவள். மெராந்தி, கெருயிங், காப்பூர், செங்கால் எல்லாம் என் கைபட்டு வளர்ந்தவை. அந்தப் பத்துக் கன்று எங்கிருந்து வரும் என்று கட்டுரையாளர் ஒரு பண்ணைக்காரியிடம் கேட்டிருந்தால் போதும், அந்த வரி வந்திருக்காது.

மெராந்தி குடும்பத்து மரங்கள் மாமரம்போல் வருடா வருடம் காய்ப்பவை அல்ல. இரண்டு வருடமும் ஆகலாம், பத்து வருடமும் ஆகலாம். அப்புறம் ஒரு பருவத்தில் காடு முழுக்கப் பல இனங்கள் சொல்லி வைத்தாற்போல் பூத்துக் காய்க்கும். பன்றி, அணில், வண்டு எல்லாம் தின்றது போகத் தரையில் மிச்சம் கிடக்க வேண்டுமென்றால் அப்படிக் கூட்டமாகக் காய்த்தால்தான் உண்டு. கெருயிங் காய்க்கு நீண்ட இறகு இரண்டு. மெராந்திக்குப் பெரிதாக மூன்றும் சிறிதாக இரண்டும். சுற்றிச் சுற்றி வந்து விழும். விழுந்த சில நாளிலேயே முளை கிளம்பிவிடும். நெல்லைப்போலக் காயவைத்து மூட்டை கட்டி அடுத்த வருடத்துக்கு எடுத்து வைக்க முடியாது, காய்ந்தால் செத்துப்போகும். மண்ணுக்குள்ளும் அது வருடக் கணக்கில் உறங்கிக் கிடக்காது. ஈரச் சாக்கில் போட்டுக்கொண்டு வருவோம். கொட்டும்போது பாதி விதைகளில் வெள்ளை வேர் எட்டிப் பார்த்துக்கொண்டிருக்கும். அது ஒடியாமல் ஒவ்வொன்றாகப் பொறுக்கி, அன்றைக்கே மண்ணில் வைக்க வேண்டும். இருட்டிய பிறகும் விளக்கைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம்.

காய்க்காத வருடங்களில் என்ன செய்வது? பத்துக் கன்று என்று உத்தரவு வந்துவிட்டால் கையில் இருப்பதைத்தான் கொடுக்க வேண்டும். அக்காசியா கொடுப்போம், வேகமாக வளரும் வேறு எதையாவது கொடுப்போம். கணக்கில் அதுவும் ஒரு கன்று, செங்காலும் ஒரு கன்று. 2021இல் தொடங்கிய பத்துக் கோடி மரம் நடும் இயக்கத்தை நான் குறை சொல்லவில்லை, நல்ல எண்ணம்தான். ஆனால் எந்த மரம், எங்கே நட்டது, இன்று உயிரோடு இருக்கிறதா என்று உங்கள் பத்திரிகை ஒரு நாளாவது எழுதியதுண்டா?

ஒரு நிகழ்ச்சிக்கு எங்கள் பண்ணையிலிருந்து காப்பூர்க் கன்றுகள் போயின. நிழலில் வளர்த்த கன்றுகள். காட்டிலும் அப்படித்தான், பெரிய மரத்தடியில் மங்கிய வெளிச்சத்தில் வருடக் கணக்கில் காத்திருந்து, மேலே ஒரு மரம் சாய்ந்து வெயில் இறங்கினால்தான் நிமிர்ந்து எழும். அதைக் கொண்டுபோய் உச்சி வெயிலில், புல்டோசர் உருட்டி இறுகிப்போன செம்மண்ணில் நட்டார்கள். பிரமுகர் மண்வெட்டி பிடித்தார், படம் எடுத்தார்கள், உணவுப் பொட்டலம் கொடுத்தார்கள். மனசு கேட்காமல் பிறகொரு நாள் போய்ப் பார்த்தேன். இலையெல்லாம் கருகியிருந்தது. ஒரு கன்றைத் தொட்டேன், கையோடு வந்துவிட்டது. கறுப்புப் பிளாஸ்டிக் பையைக்கூடக் கழற்றாமல் குழியில் இறக்கியிருக்கிறார்கள். வேர் வெளியே போக வழியில்லாமல் பைக்குள்ளேயே வளையம் வளையமாகச் சுற்றிக் கிடந்தது. அந்த நிகழ்ச்சியின் படம் உங்கள் பத்திரிகையில் வண்ணத்தில் வந்தது. செத்த கன்றுகளின் படத்தைப் போடச் சொல்லி நான் எழுதிய கடிதம் வரவில்லை.

கட்டுரையாளர் கெப்போங்கில் உள்ள ஃபிரிம் என்னும் மலேசிய வன ஆராய்ச்சி நிலைய வளாகத்தைச் சான்று காட்டுகிறார். சரி, அதையே பார்ப்போம். ஈயம் தோண்டிப் பாழாய்ப் போன நிலமாகவும் காய்கறித் தோட்டமாகவும் கிடந்த இடம் அது. 1920களில் நடத் தொடங்கினார்கள். நம் காட்டு இனங்களைத் தேடித் தேடி நட்டு, பட்டுப்போன இடத்தில் மறுபடி நட்டு, தலைமுறை தலைமுறையாக ஆள் வைத்துப் பார்த்தார்கள். 2025இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. ஏறக்குறைய நூறு வருட உழைப்பு! அதைக் காட்டி "இழப்பு ஏதுமில்லை" என்பது அங்கே வியர்வை சிந்தியவர்களுக்குச் செய்யும் அவமரியாதை. அங்கே நிற்கும் காப்பூர் மரங்களின் அடியில் நின்று அண்ணாந்து பாருங்கள். ஒரு மரத்தின் உச்சி இன்னொன்றைத் தொடாமல், இடையில் வானம் கோடு கோடாகத் தெரியும். கோயிலில் நாம் கண்ட பச்சைக் கற்பூரம் ஒரு காலத்தில் இந்த மரத்தின் உள்ளிருந்து வந்ததுதான். அதற்குப் பேர்போன சுமத்ராவின் பாரூஸ் துறையில் தமிழ் வணிகர்கள் 1088இல் வெட்டிய தமிழ்க் கல்வெட்டே கிடைத்திருக்கிறது. நம் வாசகர்களுக்குச் சொல்ல வேண்டிய செய்தி இல்லையா இது?

கோலாலம்பூர் கோபுரம் கட்டியபோது, புக்கிட் நானாஸில் நூறு வயது தாண்டிய ஒரு ஜெலுத்தோங் மரத்தைக் காப்பாற்றத் தனியாகத் தடுப்புச் சுவரே எழுப்பினார்கள். பத்துக் கன்று ஈடாகும் என்றால் அந்தச் செலவு எதற்கு? கட்டியவர்களுக்குத் தெரிந்திருக்கிறது.

சொல்ல வந்துவிட்டேன், இதையும் சொல்லிவிடுகிறேன். 2024 மே மாதம் ஜாலான் சுல்தான் இஸ்மாயிலில் மரம் விழுந்து ஓர் உயிர் போனது. மனம் பதறியது. ஆனால் அடுத்த வாரம் முழுவதும் பெரிய மரம் எல்லாமே ஆபத்து என்பதுபோல் எழுதினீர்கள். எங்கள் தாமானில் (குடியிருப்புப் பகுதியில்) கால்வாய்க்காகத் தோண்டியவர்கள் ஒரு மரத்தின் ஒரு பக்க வேரை அப்படியே அறுத்துவிட்டு, அடிமரம்வரை சிமெண்டு பூசிவிட்டுப் போனதை நான் கண்ணால் பார்த்தேன். இப்படியெல்லாம் செய்தால் எந்த மரம் நிற்கும்? அதைப் பற்றி ஒரு வரி இல்லை.

அதற்கு முன் "வௌவால் தொல்லை" என்று ஒரு பக்கம் போட்டீர்கள். பத்துமலைக் குகையில் தங்கும் தேன் வௌவால்கள் இரவில் பல மைல் பறந்து டுரியான் பூவுக்கும் பெத்தாய் மரத்துப் பூவுக்கும் போகின்றன. அவை மகரந்தம் கொண்டு போகாவிட்டால் டுரியான் காய்ப்பதே குறைந்துபோகும். டுரியான் பூ இல்லாத காலத்தில் கடலோரச் சதுப்புக் காட்டுப் பூக்கள்தான் அவற்றுக்குச் சாப்பாடு. அந்தக் காட்டை அழித்தால் அடிபடுவது எங்கோ மலையடிவாரத் தோட்டத்தின் விளைச்சல். தைப்பூசத்துக்கு இலட்சக்கணக்கில் நாம் ஏறுகிற மலை அது. அங்கே குடியிருக்கும் உயிரைத் தொல்லை என்று தமிழ்ப் பத்திரிகையிலேயே படிக்க எனக்கு வேதனையாக இருந்தது.

அந்த ஞாயிறு மலரில் "நம் பசுமைக் காடு" என்று போட்ட படம் செம்பனைத் தோட்டம். வரிசை பிடித்து நிற்கிறது. தோட்டப்புறத்தில் பிறந்த வாசகர்கள் ஒரே பார்வையில் கண்டுபிடித்திருப்பார்கள். நெகிரி செம்பிலான் பாசோ காட்டில் வெறும் 50 ஹெக்டரில் 800க்கும் மேற்பட்ட மர இனங்களை ஆய்வாளர்கள் எண்ணியிருக்கிறார்கள். ஒரே ஓர் இனம் நிற்கும் தோட்டத்தை அதற்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

உங்களிடம் நான் கேட்பது பெரிதல்ல. மரம் நடும் படம் போடும்போது கன்றின் பெயரையும் இடத்தையும் சேர்த்துப் போடுங்கள். ஒரு வருடம் கழித்து அதே இடத்துக்கு நிருபரை அனுப்பி இன்னொரு படம் எடுத்துப் போடுங்கள். அந்தச் செம்பனைப் படத்துக்கு ஒரு திருத்தம் வெளியிடுங்கள்.

போன முறை என் கடிதத்தை எட்டு வரியாகச் சுருக்கி, வெட்டிய மரங்களுக்கு நான் நன்றி சொன்னதுபோல ஆக்கிவிட்டீர்கள். இதையும் அப்படிச் செய்வதானால், தயவுசெய்து போடவே வேண்டாம்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகி,
கெப்போங், கோலாலம்பூர்