நடுவில் இருந்த வெற்றுக் காகிதம்

அன்புள்ள கணக்குப்புலிக்கு,

முதலில் திட்டி முடித்துவிடு, அப்புறம் படி. என் பெண் கல்யாணம் முடிந்து 17 நாள் ஆகிறது. மூன்று தடவை கூப்பிட்டாய், மூன்று தடவையும் "ராத்திரி பேசுகிறேன்" என்றேன். எந்த ராத்திரி என்று நான் சொல்லவில்லையே!

முழங்கால் எப்படி இருக்கிறது? படி ஏற ஆரம்பித்துவிட்டாயா? நீ வராத கோபம் எனக்குப் பாதி ஆறிவிட்டது. மீதி, உன் பையன் கல்யாணத்தில் முன்வரிசையில் உட்கார்ந்து நான் குறை சொல்லும்போது ஆறிவிடும்.

பெண் நன்றாக இருக்கிறாள். மாப்பிள்ளை அவளைவிட நன்றாக இருக்கிறார். சம்பந்தியம்மா பேச ஆரம்பித்தால் நம் வகுப்பு வாயாடி ரேடியோவே வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தது, பார்த்துக்கொள். கல்யாணமும் நன்றாக நடந்தது, வரவேற்பும் நன்றாக நடந்தது. ரெண்டைப் பற்றியும் இவ்வளவுதான். படங்கள் அனுப்புகிறேன்.

நான் எழுத உட்கார்ந்த காரணம் வேறு. உன் பையன் கல்யாணம் பற்றிப் போன வாரம் ஒரு செய்தி அனுப்பினாயே, "கல்யாணம் காலை 10 மணிக்கு, வரவேற்பு 7 மணிக்கு வேறு இடத்தில், நடுவில் எல்லாரும் ரெஸ்ட் எடுத்துக்கலாம்" என்று. அந்தக் கடைசி வரியைப் படித்ததும் எனக்கு வயிற்றைக் கலக்கியது. ஏனென்றால் நானும் அதே வரியைத்தான் வாய் வலிக்க எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். எங்கேடி ரெஸ்ட் எடுப்பார்கள்?

எங்கள் கதையைக் கேள். 11 மணிக்குக் கல்யாணம் முடிந்தது. சாப்பாட்டுப் பந்தி ஒன்றரைக்கு ஓய்ந்தது. 3 மணிக்கு மண்டபத்தைக் காலி செய்ய வேண்டும், வாசலும் மாடி அறையும் மட்டும் சாயங்காலம் வரை எங்களுக்கு. வரவேற்பு மண்டபத்தின் கதவு ஐந்தரைக்குத்தான் திறக்கும். உள்ளூர்க்காரர்கள் வீட்டுக்குப் போய்விட்டார்கள். வெளியூரிலிருந்து வந்தவர்கள் சுமார் 40 பேர். பட்டுச் சேலையும் பெட்டியும் தூங்கி வழியும் குழந்தையுமாக, "அடுத்து என்ன?" என்று என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். எனக்கே தெரியாது. அழைப்பிதழில் ரெண்டு நேரம்தான் அச்சடித்திருந்தோம். நடுவில் இருந்தது வெற்றுக் காகிதம்.

ஒவ்வொரு வேலைக்கும் ஓர் ஆள் போட்டிருந்தோம். பந்திக்கு ஓர் ஆள், வண்டிக்கு ஓர் ஆள், வாசலில் வரவேற்க ரெண்டு பேர். அந்த இரண்டரை மணி நேரத்துக்கு மட்டும் ஆளே இல்லை. எல்லாரும் வேறு யாரோ பார்த்துக்கொள்வார்கள் என்று நினைத்தோம். அந்த வேறு யாரோ, என் மகன். அவன் அந்த நேரம் பார்த்து யாரையோ அழைத்துவர ஸ்டேஷனுக்குப் போயிருந்தான், பெட்டிகள் வைத்த மாடி அறைச் சாவியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு.

இதில் பெரியப்பாவைச் சொல்ல வேண்டும். சிரிக்காதே, இது சிரிக்கிற விஷயம் இல்லை. மத்தியானம் அவர் பந்தியை மேற்பார்வை பார்க்கிறேன் என்று ரெண்டு வாய்கூட ஒழுங்காகச் சாப்பிடவில்லை. இன்சுலின் மட்டும் கடிகாரம் பார்த்துப் போட்டுக்கொண்டார். 4 மணி இருக்கும். நாற்காலியைச் சரியாகப் போடவில்லை என்று ஒரு பையன்மேல் எரிந்து விழுந்தார். அவர் எப்பவும் அப்படித்தானே என்று யாரும் கண்டுகொள்ளவில்லை. அப்புறம் கண்ணாடியைக் கழற்றித் துடைக்கப் போனார். கை நடுங்கி அது கீழே விழுந்தது. சட்டைக் கழுத்து முழுக்க நனைந்திருந்தது. அப்போதும் நான் "வெக்கையாக இருக்கு, விசிறுங்க" என்றேன். முட்டாள்.

சம்பந்தி வீட்டில் ஒரு பெண், நர்ஸ், அவள்தான் பார்த்தாள். சர்க்கரை இறங்கினால் வேர்க்கும், நடுங்கும், காரணமில்லாமல் கோபமும் வரும் என்றாள். சர்க்கரை அளக்கும் கருவி எங்கே என்று கேட்டாள். அது மாடி அறைக்குள். சாவி ஸ்டேஷனில். அவள் அதற்காகக் காத்திருக்கவில்லை. "அளக்க முடியாவிட்டால் இறங்கிவிட்டது என்றே வைத்துக்கொள்ள வேண்டும்" என்று சொல்லி, நாலு டீஸ்பூன் சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் குடிக்க வைத்தாள். 15 கிராம் கணக்காம். 15 நிமிடம் பொறுத்துப் பார்த்துவிட்டு, நடுக்கம் நிற்காததால் இன்னொரு தடவை கொடுத்தாள். நினைவு தப்பியவர் வாயில் மட்டும் எதையும் ஊற்றக் கூடாது, மூச்சுக்குழாய்க்குள் போய்விடும் என்றாள். மேலாளர் மாற்றுச் சாவியைத் தேடி எடுத்து வர முக்கால் மணி நேரம். அதற்குள் பெரியப்பா தெளிந்துவிட்டார். அளந்ததில் 92. எழுபதுக்குக் கீழே போனால்தான் ஆபத்தாம். முதலில் எவ்வளவு இருந்தது என்பது யாருக்கும் தெரியாது, நல்லவேளை. மறுபடி இறங்காமலிருக்க அவரை உட்கார வைத்துச் சாப்பிட வைத்தோம். தெளிந்ததும் அவர் கேட்ட முதல் கேள்வி, அந்த நாற்காலியைச் சரியாகப் போட்டார்களா என்பது.

அன்று ராத்திரி எல்லாம் முடிந்தபிறகு குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். வீட்டில் யாருக்கும் தெரியாது. உனக்குத்தான் சொல்கிறேன்.

சரி, புலம்பல் போதும். உனக்கு இன்னும் நாள் இருக்கிறது. முடிந்தால் ரெண்டையும் ஒரே இடத்தில் வை, இடைவெளியை ஒரு மணி நேரத்துக்குள் அடக்கு. ஏழு மணி மண்டபத்தை மாற்ற முடியாது என்றால், அது பெரிய இடைவெளி என்பதை வெளிப்படையாக ஒத்துக்கொண்டு அழைப்பிதழிலேயே மூன்றாவதாக ஒரு வரி அச்சடி. இத்தனை மணி முதல் இத்தனை மணி வரை இன்ன இடத்தில் ஓய்வு, இத்தனை மணிக்கு வண்டி. என் மாப்பிள்ளை ஒன்று சொன்னார். டேவிட் மைஸ்டர் என்பவர் காத்திருப்பவர்களின் மனநிலை பற்றி 1985லேயே எழுதியிருக்கிறாராம். எவ்வளவு நேரம் என்று தெரிந்தால் அதே நேரம் குறைவாகத் தோன்றும், காரணம் தெரியாமல் காத்திருந்தால் நீளும், கையில் ஏதாவது வேலை இருந்தால் ஓடிவிடும், தனியாக இருந்தால் ஊரும். இதற்கு ஒரு வெள்ளைக்காரர் வேண்டுமா என்று கேட்டேன். ஆனால் அன்று 40 பேரிடம் "ஐந்தரைக்குத்தான் திறப்பார்கள், அதுவரை இங்கே உட்காருங்கள்" என்று சொல்ல எனக்குத் தோன்றவில்லையே. "இதோ, இப்போ வந்துவிடும்" என்று இருபது தடவை சொன்னேன்.

போட்டோ விஷயத்தில் உன் கணக்கு மூளை எனக்கு வேண்டியிருந்தது. 32 குழுப் படம் என்று பட்டியல் போட்டிருந்தோம். ஒன்றுக்கு 4 நிமிடம் என்றாலும் 128 நிமிடம். கிளிக் செய்ய நொடிதான் ஆகிறது, மீதி நேரம் முழுக்க "சின்ன மாமா எங்கே?" பட்டியலைப் பாதியாக வெட்டு. உறவுக்காரர்கள் கலையும் முன்பே குழுப் படங்களை முடித்துவிடு. முகம் தெரிந்த ஒருத்தியைக் கூப்பிட்டு நிறுத்த வை, போட்டோக்காரருக்கு நம் மாமாக்களைத் தெரியாது. ஜோடிப் படத்தைச் சூரியன் சாயும் வரை தள்ளிப் போடு. உச்சி வெயிலில் எடுத்தால் கண்ணுக்குக் கீழே நிழல் விழுந்து ரெண்டு பேரும் ஒரு வாரம் தூங்காதவர்கள்போல் இருப்பார்கள். எங்கள் ஆல்பத்தில் பார்க்கத்தானே போகிறாய்.

நடுநேரத்துக்கு என்று ஓர் ஆள் போடு. நீ வேண்டாம், பையன் வேண்டாம், எல்லாருக்கும் ஓடுகிறவனும் வேண்டாம். நம் தூங்குமூஞ்சியைப் போடு, நிஜமாகத்தான் சொல்கிறேன். ஓரிடத்தில் உட்கார்ந்தால் நகராது, அதுதான் தகுதி. அவளிடம் அறைச் சாவி, மருந்துப் பைகள், வண்டிக்காரர் நம்பர், 4 மணிக்குக் கொறிக்க ஏதாவது. சாய்ந்துகொள்ளும் நாற்காலி நாலு இருந்தால் போதும், வயதானவர்கள் உன்னை வாழ்த்துவார்கள். படுக்கப் பத்துப் பாய், குழந்தைகளுக்கு. ஆட்டம் பாட்டம் எல்லாம் ஏற்பாடு செய்யாதே, அந்த நேரத்தில் யாருக்கும் வேண்டாம்.

ஒன்று மறந்தேனே. அன்று ஐந்தேகாலுக்கு என் பெண்ணைக் காணோம். அலங்காரம் செய்கிறவர் சீப்பும் கையுமாகத் தேடுகிறார். மாடி அறையைத் திறந்தால், பெட்டிகளுக்கு நடுவில் தரையில் மாப்பிள்ளையும் இவளும். ஒரே தட்டில் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார்கள். காலையிலிருந்து ரெண்டு பேரும் சாப்பிடவில்லையாம், நாங்கள் யாரும் கேட்கவும் இல்லை. நான் கதவைச் சாத்திவிட்டு, "இங்கே இல்லை" என்று சொல்லி அலங்காரக்காரரைக் கீழே அனுப்பிவிட்டேன். இருபது நிமிடம். அதை மட்டும் உன் பையனுக்கும் எப்படியாவது ஒதுக்கிக் கொடு, யாரிடமும் சொல்லாமல்.

உன் நேரப் பட்டியலை அனுப்பு, சிவப்புப் பேனாவால் திருத்தி அனுப்புகிறேன். பள்ளியில் நீ செய்ததற்கெல்லாம் பழி.

நேற்றுத் துணி துவைக்கும்போது மகனின் சட்டைப் பையில் அந்தச் சாவி கிடைத்தது. பித்தளை வளையத்தோடு. மேலாளர் முகத்தில் எப்படி விழிப்பது என்று தெரியவில்லை. தபாலில் அனுப்பினால் மரியாதையாக இருக்குமா, சொல்.

உன்,
வாலு