அமெரிக்கப் போரும் கடலூர் மக்களும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அமெரிக்க விடுதலைப் போர்க்காலச் சாமானியர்களின் வாழ்க்கையை ஆராயும் வரலாற்றாய்வாளர் ஒருவரைப் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையை ஆர்வத்துடன் படித்தேன். இத்தகைய ஆய்வுகளுக்குப் பெரிதும் கைகொடுப்பவை ஓய்வூதிய மனுக்கள். 1832ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, முதிய போர்வீரர்கள் தாம் எங்கே, யாருக்குக் கீழே பணியாற்றினோம் என்று நீதிமன்றத்தில் வாக்குமூலம் அளித்தனர். பின்னர் விதவையருக்கும் அந்த உரிமை கிடைத்தபோது, திருமணத்துக்கு வேறு சான்று இல்லாத பெண்கள், மண நாளும் பிள்ளைகளின் பிறந்த நாள்களும் எழுதியிருந்த வீட்டுப் பைபிளின் தாளைக் கிழித்து மனுவோடு இணைத்தார்கள். அத்தகைய தாள்கள் இன்றும் வாஷிங்டன் ஆவணக் காப்பகத்தில் உள்ளன.

அந்தப் போர் நம் மண்ணுக்கும் வந்தது. 1778இல் பிரான்ஸ் அமெரிக்கர் பக்கம் சேர்ந்ததைத் தொடர்ந்து, ஆங்கிலேயர் புதுச்சேரியை முற்றுகையிட்டு அக்டோபரில் கைப்பற்றினர். 1782 ஏப்ரலில் பிரெஞ்சுப் படையும் மைசூர்ப் படையும் சேர்ந்து கடலூரைப் பிடித்தன. அதை மீட்க வந்த ஆங்கிலேயருக்கும் பிரெஞ்சுக்காரருக்கும் 1783 ஜூன் 13 அன்று ஊருக்கு வெளியே கடும் சண்டை நடந்தது. இங்கிலாந்தும் பிரான்சும் அவ்வாண்டு ஜனவரி 20ஆம் தேதியே சமாதானத்துக்கு முதற்கட்ட உடன்படிக்கை செய்துகொண்டிருந்தன. அந்தச் செய்தி கப்பலேறி இங்கு வந்து சேர ஜூன் மாதக் கடைசி ஆகிவிட்டது. இடைப்பட்ட மாதங்களில் மாண்டவர்களை எண்ணும்போதெல்லாம் என் மனம் ஆறுவதில்லை.

சூஃப்ரேன், புஸ்ஸி, ஸ்டூவர்ட் என்று தளபதிகளின் பெயர்கள் நூல்களில் நிறைந்திருக்கின்றன. ஆனால் படைப் பாளையத்துக்கு நெல் சுமந்த மாட்டுக்காரர், டோலி தூக்கியவர், தறியைப் போட்டுவிட்டு ஓடிய நெசவாளர், ஹைதர் அலியின் படையெடுப்பை அடுத்து வந்த பஞ்சத்தில் பிள்ளைகளோடு ஊர்விட்டு ஊர் போன பெண்கள் ஆகியோரை யார் தேடுவது? நாட்குறிப்பு எழுதிப் புகழ்பெற்ற புதுச்சேரி ஆனந்தரங்கப் பிள்ளை 1761இலேயே மறைந்துவிட்டார். எனினும், இரண்டாம் வீரா நாயக்கர் 1778 முதல் 1792 வரை புதுச்சேரியில் தமிழிலேயே எழுதிய நாட்குறிப்பு நமக்குக் கிடைத்திருக்கிறது. எழும்பூர் ஆவணக் காப்பகத்திலும் புதுச்சேரியின் பழைய பிரெஞ்சு ஆவணங்களிலும் தேட வேண்டியது நிறைய இருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

ஆகவே, கடலூர், புதுச்சேரிக் கல்லூரிகளின் வரலாற்றுத் துறையினர் முதுகலை மாணவர்களுக்கு இதை ஆய்வுப் பொருளாகத் தர வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். பரணில் கிடக்கும் பழைய ஓலைகளையும் பத்திரங்களையும் வீடு இடிக்கும்போது குப்பையில் போட்டுவிடாமல், படியெடுக்கவாவது கொடுத்து உதவுமாறு தங்கள் மாவட்டப் பக்கத்தில் ஓர் அறிவிப்பு வெளியிட்டால் மிகவும் நன்றியுடையவனாவேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர்,
மஞ்சக்குப்பம், கடலூர்.