சாகுஹாத்தி இருக்கட்டும், முதலில் கணக்கைக் காட்டுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தோட்டம் கைமாறியது, தோட்டத்தை வீடமைப்பு நிறுவனம் வாங்கிவிட்டது என்று உங்கள் பத்திரிகையில் செய்தி வரும்போதெல்லாம், கடைசியில் 'தொழிலாளர்களுக்குச் சேர வேண்டியது கொடுக்கப்படும் என்று நிர்வாகம் சொன்னது' என்று ஒரு வரி இருக்கும். எவ்வளவு, எத்தனை வருஷத்துக்கு, எந்தக் கணக்கில் என்று ஒரு செய்தியிலும் நான் பார்த்ததில்லை. தோட்ட ஆபீசில் கிராணியாக (குமாஸ்தாவாக) இருந்து, ஆட்களின் வருகையும் சம்பளமும் பதியும் செக்ரோல் எழுதியே வயதானவன் நான், அதனால் இது கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கிறது.

மலேசியாவில், பேராக்கின் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் இப்போது பாதிப் பேர் தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தை விட்டுத் தாமான் (குடியிருப்புப் பகுதி) வீடுகளுக்கு வந்துவிட்டார்கள். அவர்களில் ஒரு அக்கா, கணவர் செம்பனைக் குலை வெட்ட, பின்னாலேயே போய் உதிரிப் பழம் பொறுக்கியவர், ஒரு பழுப்பு உறையை என்னிடம் கொண்டுவந்து காட்டினார். உள்ளே மலாயில் அச்சடித்த ஒரே ஒரு தாள். பெயர், ஐசி (அடையாள அட்டை) எண், 'சாகுஹாத்தி 5,000 வெள்ளி', அதாவது அன்பளிப்பாக 5,000 ரிங்கிட். அதற்குக் கீழே பொடி எழுத்தில், சொந்த விருப்பத்தின் பேரில் வேலையை விடுகிறேன், இனி நிர்வாகத்திடம் எந்தக் கோரிக்கையும் எனக்கு இல்லை. கம்பெனி சாப் (முத்திரை), அக்காவின் கையெழுத்து. எத்தனை வருஷ வேலை, ஒரு நாள் சம்பளம் என்ன, எத்தனை நாளுக்கு என்று ஒரு எண்கூட அதில் கிடையாது. ஐயாயிரத்தை மொத்தமாகப் பார்த்த சந்தோஷத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டார், அவரைக் குறை சொல்ல என்ன இருக்கிறது.

நம் ஆட்கள் மூன்று வேறு வேறு காசை ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள், நிர்வாகத்துக்கு அது வசதியாகப் போய்விடுகிறது. இபிஎஃப் (ஊழியர் சேமநிதி) என்பது மாதாமாதம் நம் சம்பளத்தில் 11 விழுக்காடும், சம்பளம் 5,000 வெள்ளிக்குள் இருந்தால் முதலாளி 13 விழுக்காடும் போட்டுச் சேர்ந்தது. அது ஏற்கனவே நம்முடைய காசு, வேலை போனதற்காக யாரும் தருவதில்லை. இரண்டாவது, வயதாகி ஓய்வு பெறும்போது தரும் பணிக்கொடை, கிராஜுவிட்டி என்று சொல்கிறோமே, அது. மூன்றாவது, ஆட்குறைப்பு செய்தாலோ தோட்டத்தை மூடினாலோ முதலாளி சட்டப்படி கொடுத்தே ஆக வேண்டிய பணிநீக்கப் பலன்.

இந்த இரண்டாவதில்தான் டீக்கடையில் பெரிய சண்டையே நடக்கும். கவர்ன்மெண்டு வேலையில் இருந்து பென்ஷனோடு போனவருக்குக் கிராஜுவிட்டி கணக்கு நேரானது: வேலை பார்த்த மாதங்கள், கடைசிச் சம்பளம், இரண்டையும் பெருக்கி அதில் ஏழரை விழுக்காடு. 300 மாதம் வேலை, கடைசிச் சம்பளம் 3,000 வெள்ளி என்றால் 67,500 வெள்ளி. இதைக் கேட்டுவிட்டுத் தோட்டத்தில் அதே 25 வருஷம் உழைத்தவர் 'எனக்கு ஏன் இல்லை' என்று கேட்கிறார். தனியார் வேலையில் ஓய்வுக்குக் கிராஜுவிட்டி கொடுத்தே தீர வேண்டும் என்று நம் நாட்டில் சட்டம் இல்லை, அதுதான் பதில். வேலைக் கடிதத்திலோ சங்க ஒப்பந்தத்திலோ எழுதியிருந்தால் உண்டு, அதுவும் அதில் எழுதியிருக்கிற கணக்குப்படிதான். 60 வயது முடிந்து போகிறவர்கள் அதனால் முதலில் தேட வேண்டியது அந்தத் தாளை.

மூன்றாவதற்குச் சட்டம் தெளிவாகவே இருக்கிறது. 1955 வேலைச் சட்டத்தின் கீழ் 1980ல் வந்த பணிநீக்கப் பலன் விதிமுறைகள். விடாமல் 12 மாதமாவது வேலை செய்திருக்க வேண்டும். மொத்தச் சேவை 2 வருஷத்துக்குள் என்றால் வருஷத்துக்கு 10 நாள் சம்பளம், 2 வருஷத்துக்கு மேல் 5க்குள் என்றால் 15 நாள், 5 வருஷமோ அதற்கு மேலோ என்றால் 20 நாள். அரைகுறையாக நிற்கும் வருஷத்தை மாதக் கணக்கில் சேர்த்துக்கொள்ள வேண்டும். சங்க ஒப்பந்தத்தில் இதைவிட நல்லதாக இருந்தால் அதைத்தான் கொடுக்க வேண்டும், குறைவாக இருந்தால் அந்த ஒப்பந்த வரி செல்லாது. உடலுழைப்பு இல்லாத வேலையில் மாதம் 4,000 வெள்ளிக்கு மேல் வாங்குகிறவர்களுக்கு இந்த விதி பொருந்தாது. குலை வெட்டுகிறவர், பால் மரம் சீவுகிறவர், ஸ்டோர் ஆள், டிராக்டர் டிரைவர் எல்லாம் பெரும்பாலும் உள்ளேதான் வருவார்கள். தீபகற்பத்துக்கும் லாபுவானுக்கும் சொல்கிறேன், சபா சரவாக்குக்குத் தனிச் சட்டம்.

சரி, ஒரு நாள் சம்பளம் என்பது எது? கடைசி மாதச் சீட்டில் இருப்பதை எடுத்து யாரும் வகுக்கக் கூடாது. வேலை நிற்கும் தேதிக்கு முந்தைய 12 மாதச் சம்பளத்தின் சராசரிதான் கணக்கு. மொத்தத்தைக் கூட்டி 365ஆல் வகுப்பது நடைமுறை. மழைக் காலத்தில் பெரட்டுக்கு (காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கும் இடத்துக்கு) போய்விட்டு வேலையில்லாமல் திரும்பிய மாதமும் அதில் வரும், பழம் கொட்டிய மாதமும் வரும், அதனால் ஒரு மெலிந்த மாதத்தைக் காட்டி ஏமாற்ற முடியாது. முதலாளி போடும் இபிஎஃப் பங்கு, லயத்து வீட்டின் மதிப்பு, பயணப்படி, வருஷ போனஸ் இதெல்லாம் சம்பளத்தில் சேராது, அதை நம் ஆட்களும் தெரிந்துகொள்ள வேண்டும்.

ஒரு கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். ஒருவர் 12 மாதத்தில் 21,600 வெள்ளி வாங்கியிருக்கிறார், அதாவது மாதம் சராசரி 1,800. ஒரு நாளுக்கு 59 வெள்ளி 18 காசு. சேவை 22 வருஷம் 7 மாதம். 22 வருஷத்துக்கு 440 நாள், 7 மாதத்துக்கு 11 நாளும் முக்காலுக்குக் கொஞ்சம் குறைவும், ஆக ஏறக்குறைய 451.67 நாள். பெருக்கினால் 26,729 வெள்ளி வருகிறது. அந்த அக்காவின் உறைக்குள் இருந்ததோ 5,000.

இந்தக் கணக்கில் ஆபீஸ்காரர்கள் செய்கிற ஒரு வேலை உண்டு, சில பேர் தெரியாமல் செய்கிறார்கள், சில பேர் தெரிந்தே செய்கிறார்கள். முதல் 2 வருஷத்துக்கு 10 நாள், அடுத்த 3 வருஷத்துக்கு 15 நாள், அதற்கப்புறம்தான் 20 நாள் என்று படிப்படியாக ஏற்றிப் போடுவது. அது தப்பு. மொத்தச் சேவை 5 வருஷத்தைத் தாண்டிவிட்டால் முதல் வருஷத்தில் இருந்தே 20 நாள்தான். மேலே சொன்னவருக்கு இப்படிப் போட்டால் 35 நாள் சம்பளம் போய்விடும், 2,071 வெள்ளி. எழுதிக் கொடுத்தால்தான் இது கண்ணில் படும். பலனைக் கொடுக்கும்போது எப்படிக் கணக்கிட்டோம் என்று எழுத்தில் கொடுக்க வேண்டியது முதலாளியின் கடமை என்று அதே விதிமுறைகளில் இருக்கிறது. காசை 7 நாளுக்குள் கொடுக்க வேண்டும் என்றும் இருக்கிறது. 'வீட்டைக் காலி பண்ணிச் சாவியைக் கொடு, அப்புறம் செக் தருகிறோம்' என்று சொல்கிறார்களே, அப்படி ஒரு வரி அதில் எங்கேயும் இல்லை.

இதைவிடப் பெரிய ஓட்டை தோட்டம் விற்கும்போது விழுகிறது. இந்தப் பயம் நம் ஊருக்குப் புதிதில்லை, வெள்ளைக்காரன் தோட்டங்களைத் துண்டு துண்டாக விற்றுக்கொண்டிருந்த காலத்தில்தான், 1960ல், நம் சுங்கை சிப்புட்காரர், அன்றைய அமைச்சர் துன் சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தையே ஆரம்பித்தார். அந்தத் தலைமுறைக்கு இந்த 1980 விதிமுறைகள் கிடையாது. நமக்கு இருந்தும் பயன்படுத்துவதில்லை. புது முதலாளி தோட்டத்தை எடுத்தால், கைமாறிய 7 நாளுக்குள், பழைய நிபந்தனைகளுக்குக் குறையாமல் வேலையில் தொடரச் சொல்லித் தொழிலாளியைக் கேட்க வேண்டும். கேட்டு, நாம் ஒத்துக்கொண்டால், பழைய முதலாளியிடம் செய்த வருஷமெல்லாம் புதுக் கணக்கில் தொடரும், இடையில் முறிவு இல்லை. கேட்காவிட்டால் அன்றே வேலை முடிந்ததாக அர்த்தம், பலனைக் கொடுக்கும் பொறுப்பு பழையவர் புதியவர் இரண்டு பேர் தலையிலும் சேர்ந்தே விழுகிறது. நல்ல நிபந்தனையில் கூப்பிட்டும் காரணம் இல்லாமல் மாட்டேன் என்றால் பலன் கிடையாது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

நடப்பது என்ன? தோட்டப் பெயர்ப் பலகை மாறும், தொரை (தோட்ட மேனேஜர்) மாறுவார், பெரட்டு அதே நேரத்துக்கு அதே இடத்தில் நடக்கும், யாருக்கும் ஒரு கடிதமும் வராது. நாலு வருஷம் கழித்துத் தோட்டத்தை மூடும்போது 'எங்களிடம் நீ 4 வருஷம்தான்' என்பார்கள். அதே 1,800 வெள்ளிக்காரருக்கு 4 வருஷம் என்றால் வருஷத்துக்கு 15 நாள், மொத்தம் 60 நாள், 3,551 வெள்ளி. 26,729 எங்கே, இது எங்கே! கண்டிராக்டர் கையில் வேலை செய்கிறவர்களுக்கு இன்னும் மோசம், வருஷத்துக்கு ஒரு கம்பெனிப் பெயர், ஆனால் லாரி அதே லாரி, கங்காணி அதே கங்காணி. இப்படிப் பட்டவர்கள் பழைய சம்பளச் சீட்டு, இபிஎஃப் அறிக்கை, சொக்சோ (பெர்கெசோ என்கிற தொழிலாளர் சமூகப் பாதுகாப்பு நிறுவனம்) தாள் எதையும் வீடு மாறும்போது எரித்துவிட வேண்டாம். எந்த மாதத்தில் இருந்து காசு ஏறியது என்பதை இபிஎஃப் பதிவே சொல்லும், செக்ரோல் காணாமல் போய்விட்டது என்று ஆபீசில் கைவிரித்தாலும்.

இனி அந்த 'சொந்த விருப்பம்'. தானாக வேலையை விட்டால் பணிநீக்கப் பலன் இல்லை, ஒழுங்கீனத்துக்காக விசாரணை வைத்து நீக்கினாலும் இல்லை, ஒப்பந்தப்படி வயதாகி ஓய்வு பெற்றாலும் இல்லை. அதனால்தான் தாளில் அந்த வரியைப் போடுகிறார்கள். அதில் கையெழுத்துப் போட்டால் இன்னொன்றும் சேர்ந்து போகிறது: பெர்கெசோவின் வேலை காப்புறுதி, இஐஎஸ் என்கிறோமே, அது. வேலை போனவருக்கு அதில் வேலை தேடும் அலவன்ஸ் உண்டு, முதல் மாதம் சம்பளத்தில் 80 விழுக்காடு, அடுத்த மாதம் 50, பிறகு இரண்டு மாதம் 40, கடைசி இரண்டு மாதம் 30 வரை. சந்தா கட்டிய மாதங்களைப் பொறுத்து எத்தனை மாதம் என்பது மாறும். 1,800 வெள்ளிக்கு முதல் மாதம் மட்டும் 1,440 வெள்ளி பக்கம் வரும். வேலை போன 60 நாளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். தானாக விலகினேன் என்று எழுதிக் கொடுத்தவருக்கு அதுவும் கதவடைப்பு. 5,000 வெள்ளி உறைக்கு எவ்வளவு விலை கொடுத்திருக்கிறோம் என்று பாருங்கள்.

நோட்டீஸ் காசையும் இதோடு கலக்கக் கூடாது. 2 வருஷத்துக்குள் 4 வாரம், 5 வருஷத்துக்குள் 6 வாரம், அதற்கு மேல் 8 வாரம் முன்னறிவிப்பு. நாளையிலிருந்து வராதே என்றால் அந்த வாரங்களுக்கான சம்பளம் தனி, பணிநீக்கப் பலன் தனி. இரண்டையும் ஒரே தொகையாகக் கூட்டி 'பாருங்கள் எவ்வளவு கொடுக்கிறோம்' என்று காட்டுவார்கள். வரி பிடிப்போம் என்று மிரட்டினால் அதற்கும் பயப்பட வேண்டாம், வேலை இழப்புக்கான தொகைக்கு முழுதாக முடிந்த வருஷம் ஒன்றுக்கு 10,000 வெள்ளி வரை விலக்கு இருக்கிறது, நம் தோட்டக் கணக்கு அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்காது.

கிராணிமார்கள்மேல் பழி வரும் என்று தெரிந்தேதான் இதை எழுதுகிறேன். உண்மையில் கணக்கை முடிவு செய்வது பெரும்பாலும் கோலாலம்பூர் ஆபீஸ், எங்கள் மேசைக்கு வருவது தொகை மட்டும்தான். ஆனால் எந்தத் தேதியில் ஆள் பேர் பதிந்தது என்பது எங்கள் மேசையில்தான் இருக்கும். இப்போது வேலையில் இருக்கும் தம்பிகள், ஆட்கள் வந்து கேட்டால் அந்தத் தேதியையாவது ஒரு தாளில் எழுதிச் சாப் குத்திக் கொடுங்கள், அதற்கு ஒன்றும் வேலை போய்விடாது. அப்படிக் கிடைத்ததை எடுத்துக்கொண்டு தொழிலாளர் இலாகாவுக்குப் போய்ப் புகார் எழுதலாம், வக்கீல் தேவையில்லை. சங்கத்தில் சந்தா கட்டுகிறவர்கள் சங்க ஆபீசில் முதலில் கணக்கைச் சரிபார்த்துக்கொண்டு போனால் அலைச்சல் குறையும். சாகுஹாத்தித் தாளில் கையெழுத்துப் போட்டவர்களும் போய்க் கேட்கத்தான் வேண்டும். சட்டம் தருவதைவிடக் குறைத்து எழுதி வாங்கிய தாள் அதோடு எல்லாம் முடிந்தது என்று ஆகிவிடாது. அந்த அக்காவிடமும் அதைத்தான் சொல்லி, பழைய சம்பளச் சீட்டுகளை எடுத்துக்கொண்டு ஈப்போவுக்குப் போகச் சொன்னேன்.

ஆசிரியரிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த தடவை தோட்டம் கைமாறியது என்று செய்தி போடும்போது, கைமாறிய தேதி எது, அந்தத் தேதியில் இருந்து 7 நாளுக்குள் புது நிர்வாகம் ஆட்களுக்குக் கடிதம் கொடுத்ததா, பழைய சேவையைச் சேர்த்துக்கொள்வதாக அதில் எழுதியிருக்கிறதா என்ற மூன்றையும் உங்கள் நிருபர் நிர்வாகத்திடமே கேட்டுப் போடட்டும். பதில் சொல்லாவிட்டால் 'பதில் சொல்லவில்லை' என்றே போடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற தோட்டக் கிராணி,
சுங்கை சிப்புட், பேராக்.