ஷியும் த்ஸுவும்: நண்பனுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள முருகேசா,

இங்கு அனைவரும் நலம். உன் கடிதத்திலிருந்த மற்றச் செய்திகளுக்குப் பிறகு விரிவாக எழுதுகிறேன். ஜப்பானிய மொழியில் அயல்மொழிச் சொற்களை எழுத உதவும் கத்தகானா எழுத்துகளைக் கைவிட்டுவிடலாமா என்று கேட்டிருந்தாயே, அந்த ஒரு வரிக்கு உடனே பதில் சொல்லியாக வேண்டும். தமிழய்யாவிடம் அத்தனை குட்டு வாங்கியும் அசராத நீ, நான்கு எழுத்துகளுக்கா அஞ்சுகிறாய்?

டிசம்பரில் நடக்கும் ஜப்பானிய மொழித் தேர்வில் விடையைத் தேர்ந்தெடுத்தால் போதும், ஆகவே கையால் எழுதிப் பழகத் தேவையில்லை என்று உன் வகுப்பில் சொல்கிறார்களாமே, அதுதான் எனக்குக் கவலை. ஷி, த்ஸு, ஸோ, ன் ஆகிய நான்கும் திரையில் பார்ப்பவருக்குச் சாய்ந்த கோடுகளாக மட்டுமே தெரியும்; எழுதுபவருக்கோ அவை வெவ்வேறு திசைகளில் ஓடுபவை. ஷியில் இரு சிறு கோடுகள் இடப்பக்கம் ஒன்றன்கீழ் ஒன்றாக அமைய, மூன்றாவது கோடு கீழிருந்து வலப்பக்கமாக மேலெழுகிறது. த்ஸுவில் அவை மேலே பக்கம்பக்கமாக நிற்க, மூன்றாவது வலப்பக்க உச்சியிலிருந்து இடப்பக்கமாகக் கீழிறங்குகிறது. சிறு கோடுகளில் ஒன்றைக் குறைத்தால் ஷி 'ன்' ஆகிறது, த்ஸு 'ஸோ' ஆகிறது. ஜப்பானியத்தின் மற்றோர் எழுத்துவகையான ஹிரகானாவில் ஷி கீழிறங்கி வலப்பக்கம் வளைவதையும், ஹிரகானா த்ஸு வலப்பக்கம் ஓடிக் கீழே வளைவதையும் நினைவில் கொண்டால், கத்தகானாவிலும் கை அதே வழியில்தான் போகிறது என்பது உனக்கே விளங்கும்.

ஹிரகானாவின் குழப்பங்கள் எனக்கு இன்னும் பிடித்தவை, ஏனெனில் அவற்றுள் சில உண்மையான உறவுகள். 'மெ' என்பது பெண்ணைக் குறிக்கும் சீன எழுத்தின் விரைவு வடிவம். 'நு' பிறந்த எழுத்தின் இடப்பாதியும் அதே பெண்ணெழுத்துதான். கடைசியில் வரும் சுழி ஒன்றே இரண்டையும் பிரிக்கிறது. 'நெ', 'ரெ' இரண்டின் மூல எழுத்துகளும் வழிபாட்டைக் குறிக்கும் ஒரே உறுப்பை இடப்பக்கத்தில் கொண்டவை. 'வா'வின் இடப்பக்கமோ தானியத்தைக் குறிக்கும் உறுப்பு. விரைவெழுத்தில் தேய்ந்து அவற்றின் சாயலைப் பெற்றுவிட்டது. 'ஸா'வும் 'சி'யும் கண்ணாடி பார்ப்பதுபோல் எதிரெதிராக நின்றாலும் அவற்றுக்குள் எந்த உறவும் இல்லை.

எழுதிப் பழகினாலும் தீராத இணைகள் உண்டு என்பதையும் சொல்லிவிட வேண்டும். 'தமிழ்' என்பதை இங்கே ஜப்பானில் கத்தகானாவில் 'தமிரு' என்று எழுதுகிறார்கள். அதன் முதலெழுத்து மாலைப்பொழுதைக் குறிக்கும் சீன எழுத்தைப் போலவே இருக்கும். அங்கே சொல்லின் சூழல் ஒன்றே துணை. நம் ரகரத்தையும் துணைக்காலையும் நாம் அப்படித்தானே பிரித்தறிகிறோம்?

ஆகவே கட்டம் போட்ட நோட்டு ஒன்றை வாங்கி, கோடுகளின் வரிசை தவறாமல், நான்கையும் பக்கம் பக்கமாக எழுது. எழுதிய பக்கத்தைப் படமெடுத்து அனுப்பு. மூன்றாவது கோடு எங்கே தொடங்கியது என்பதை நான் பார்த்துச் சொல்கிறேன். தேர்வுக் கட்டணம் கட்டியாகிவிட்டதா என்பதையும் மறக்காமல் எழுது.

அன்புடன்,
குமார்