உன் மந்திரப் பள்ளியைப் பற்றி அம்மா எழுதுவது

அன்புள்ள தம்பிக்கு,

நீ எழுதுகிற கதையில் வட்ஸ்அப்பில் அனுப்பின அத்தியாயங்களை வாசித்து முடித்துவிட்டேன். பொருள் ஆக்குகிற மந்திரத்தை மட்டும் படிப்பிக்கிற ஒரு பள்ளி என்பது எனக்கு நல்லாய்ப் பிடித்திருக்கிறது. நெருப்பு எறிகிறவர்கள், பறக்கிறவர்கள், ஆளை மறைக்கிறவர்கள் கதைகளில் கனபேர் வந்துவிட்டார்கள், கதிரையும் பானையும் செய்யப் படிக்கிற பிள்ளைகளை நான் இப்பதான் பார்க்கிறேன். போனில் கதைத்தால் அரைவாசியை மறந்துவிடுவேன், அதுதான் எழுதுகிறேன்.

எனக்குச் சரிவராத இடம் ஒன்றுதான். உன் கதையில் வருகிற பெடியன் கண்ணை மூடி நினைக்கிறான், பொருள் கையில் வந்துவிடுகிறது. வாளை நினைத்தால் வாள், பானையை நினைத்தால் பானை. அப்படியென்றால் அந்தப் பிள்ளைகள் வருடக்கணக்காய் அங்கே இருந்து எதைப் படிக்கிறார்கள்?

பிட்டு அவிக்கிற ஓலை நீத்துப்பெட்டியை ஒருக்கால் கண்ணை மூடி நினைத்துப் பார். நீ சின்ன வயதில் நாளும் பொழுதும் கண்ட சாமான். கூம்பு வடிவம், காய்ந்த ஓலை நிறம், அவ்வளவுதான் நினைவுக்கு வரும், உன் பெடியனும் அதைத்தான் நினைப்பான். அவன் நினைத்தபடியே ஒன்று வந்துவிட்டது என்று வை. அதைப் பானை வாயில் வைத்துப் பிட்டு அவித்தால் மா பச்சையாய்த்தான் கிடக்கும், ஏனென்றால் ஓலைக்கும் ஓலைக்கும் நடுவில் ஆவி ஏறுகிற இடைவெளியை அவன் நினைக்கவே இல்லை. இடைவெளி கூடினால் மா கீழே கொட்டும், குறைந்தால் வேகாது, அந்தக் கணக்கு இழைக்கிறவளின் விரலில் இருக்கிறது. கடகம் என்கிற ஓலைக் கூடையும் அப்படித்தான். யாரைக் கேட்டாலும் வட்டமான வாயைச் சொல்வார்கள், அடி சதுரம் என்பது அதைப் பொத்தினவளுக்குத்தான் உடனே ஞாபகம் வரும்.

அதனால் உன் பள்ளியில் முதல் வருடம் மந்திரமே வேண்டாம் என்பேன். ஓலை வாரட்டும், மண் குழைக்கட்டும், மரம் சீவட்டும். கையால் ஒருதரம் செய்யாத பொருளை மந்திரத்தால் செய்ய முடியாது என்று ஒரு விதி வை. பிறகு பார், மந்திரம் வேண்டாம், ஓலையே போதும் என்று ஒரு பிள்ளை சொல்லும், அவளை வைத்தே நீ ஒரு அத்தியாயம் எழுதலாம்.

அடுத்தது, பொருள் எங்கேயிருந்து வருகிறது? விஞ்ஞானம் படிப்பித்த எனக்கு இது பெரிய கேள்வி. ஒன்றுமே இல்லாமல் சக்தியில் இருந்துதான் வருகிறது என்றால், ஐன்ஸ்டைன் 1905இல் சொன்ன கணக்குப்படி 1 கிராம் பொருளுக்கு ஏறத்தாழ 2.5 கோடி யூனிட் மின்சாரத்துக்குச் சமமான சக்தி வேண்டும். மாதம் 100 யூனிட் எரிக்கிற வீட்டுக்கு அது 20,000 வருடத்துக்கு மேல் காணும். ஒரு கரண்டி செய்யவே உன் பள்ளி ஊரையே இருட்டாக்கிவிடும்.

சரி, காற்றில் இருந்து எடுக்கிறான் என்று வைப்போம். பத்தடிக்குப் பத்தடி அறைக்குள், உயரமும் பத்தடி என்றால், 30 கிலோவுக்கு மேல் காற்று இருக்கிறது. ஆனால் அதில் பெரும்பகுதி நைதரசனும் ஒட்சிசனும். காபனீரொட்சைட்டில் இருக்கிற காபனை முழுக்க வழித்து எடுத்தாலும் 6 கிராம் அளவுதான் வரும், ஒரு நீத்துப்பெட்டிக்கே காணாது. எங்கள் வளவுப் பனை தன்னுடைய காபனை எல்லாம் காற்றில் இருந்துதான் எடுத்தது, ஆனால் அதற்கு எத்தனை வருடம் எடுத்தது என்று யோசி.

வாள் செய்ய இரும்பு வேண்டும். காற்றில் இரும்பு இல்லை, எங்கள் யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக்கல்லை நம்பியும் பிரயோசனம் இல்லை. சுன்னாகம், கோண்டாவில் பக்கத்துச் செம்மண்ணில் இருக்கிறது, அந்தச் சிவப்பே இரும்பு ஒட்சைட்டால் வருவதுதான். ஆகவே உன் பெடியன் இங்கே நின்று வாளை வரவழைத்தால் யாரோ ஒருவருடைய வெங்காயத் தோட்டம் வெளிறிப்போகும். இதை எழுது தம்பி. அவன் வாளைத் தூக்கிக்கொண்டு சந்தோஷமாய்ப் போகட்டும், நீ அந்தத் தோட்டக்காரனிடம் போ.

எங்களிடம் பழைய கதை ஒன்றும் இருக்கிறது. மணிமேகலையில் வருகிற அமுதசுரபியில் அள்ள அள்ளச் சோறு குறையாது, ஆனால் அது தருவது சோறு மட்டும்தான், பொன் தராது. சிந்தாதேவி அதை ஆபுத்திரனுக்குக் கொடுக்கிறாள், அவன் பசித்தவர்களுக்கெல்லாம் போடுகிறான். அது பொறுக்காத இந்திரன் என்ன செய்கிறான் தெரியுமா? மழையைப் பெய்வித்து நாட்டைச் செழிக்க வைக்கிறான், பசிக்கிறவர்களே இல்லாமல் போகிறார்கள். கப்பலேறின ஆபுத்திரன் மணிபல்லவத்தில் தனியே விடுபட்டு, போட ஆளில்லாத பாத்திரம் எனக்கு எதற்கு என்று கோமுகிப் பொய்கையில் அதை விட்டுவிட்டு, உண்ணாமல் உயிர் விடுகிறான். சோறு தருகிற பாத்திரத்தைக் கையில் வைத்திருந்தவன்! இந்த இடத்தை எத்தனைதரம் படித்தாலும் எனக்கு நெஞ்சு அடைக்கும். மணிபல்லவம் எங்கள் நயினாதீவுதான் என்று கனபேர் சொல்வார்கள், நீயும் குறிகட்டுவானில் வள்ளம் ஏறிப் போய் வந்த இடம்தானே. உன் பெடியன் செய்கிற பொருளுக்குத் தேவைப்படுகிற ஒரு ஆள் எதிரில் நிற்கவேண்டும். இப்போது அவன் வெறும் அறையில் செய்து காட்டிக்கொண்டிருக்கிறான்.

நீ பிறக்க முன்னம், தொண்ணூறுகளில், போர்க்காலப் பொருளாதாரத் தடையில் மண்ணெண்ணெய் கிடைக்காத காலத்தில் ஜாம் போத்தல் விளக்கில்தான் படித்தார்கள். போத்தலின் அடியில் கொஞ்சம் பஞ்சு, அது நனைகிற அளவுக்கு எண்ணெய், ஒரு நூல் திரி. பற்றரி இல்லாததால் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து ஒருவர் மிதிக்க, டைனமோவில் ரேடியோ பாடும், சுற்றி நின்று செய்தி கேட்போம். அந்த விளக்கை முதலில் யோசித்தவர் யாரென்று எனக்குத் தெரியாது, ஆனால் அவரைப் போல ஒருவர் உன் பள்ளியில் வாத்தியாராய் இருக்கவேண்டும் என்பது என் ஆசை. இப்போது நீ வைத்திருக்கிற அந்த வெள்ளைத் தாடிக்காரர் எதையும் செய்வதாய்த் தெரியவில்லை, கதைத்துக்கொண்டே இருக்கிறார். அவரை எடுத்துவிடு.

அப்பாவும் வாசிக்கப்போகிறாராம், அடுத்த அத்தியாயத்தைக் கொஞ்சம் பெரிய எழுத்தில் அனுப்பு. அங்கே குளிர் தொடங்கிவிட்டது என்று தங்கச்சி சொன்னாள், இருமல் இருந்தால் கொத்தமல்லி அவித்துக் குடி.

அன்புடன்,
அம்மா