பற்று விட்ட ஒரு வெள்ளி மணி

கேலப், நியூ மெக்சிகோ
டிசம்பர் 21

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம். அங்கே நீங்கள், அம்மா, பாட்டி, தம்பி எல்லோரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே மூன்று நாட்களாகப் பனி கொட்டுகிறது. ஊரைச் சுற்றியிருக்கும் செம்பாறைகளின் தலையில் மட்டும் வெள்ளை படிந்து, அடிப்பகுதி சிவப்பாகவே நிற்கிறது. நேற்று பள்ளிக்கு விடுமுறை விட்டுவிட்டார்கள். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுத நேரம் கிடைத்தது.

போன வாரம் அனுப்பிய புகைப்படத்தைப் பார்த்துவிட்டு நான் இளைத்துப்போனேன் என்று அம்மா வருத்தப்பட்டாள். நீங்கள் மட்டும், "கழுத்தில் கிடப்பது என்ன வேலை? மாதுளை மொட்டா?" என்று கேட்டீர்கள். அதற்குள் போன் துண்டித்துவிட்டது. ஒருவகையில் அதுவும் நல்லதுதான். போனில் சொல்லி முடிக்கிற விஷயமில்லை இது.

மாதுளை மொட்டேதான் அப்பா. இங்கே கடைக்காரர்கள் இந்த வெள்ளி மாலையைப் பூசணிப்பூ மாலை என்கிறார்கள். மார்கழிக் கோலத்தில் வைக்கும் பூசணிப்பூவை நினைத்துக்கொண்டு அம்மா பார்த்தால் அப்படித்தான் தெரியும். ஆனால் இதைச் செய்யும் இவ்வூர்ப் பக்கத்துப் பழங்குடியினரான நவஹோ மக்களின் மொழியில், இதில் கோத்த மணியின் பெயரில் பூசணியே இல்லை. 'விரிந்து போகும் மணி' என்பதுதான் அதன் பொருள். மெக்சிகோ வழியாக வந்த ஸ்பானியர்களின் உடைகளில் மாதுளை வடிவ வெள்ளிப் பித்தான்கள் இருந்தன. அவற்றிலிருந்து பிறந்த வடிவம் இது என்பதுதான் பலரும் ஏற்றுக்கொண்ட விளக்கம். இதை நான் படித்துத் தெரிந்துகொள்ள ஒரு வருடம் ஆனது. நீங்கள் ஒரு மங்கலான படத்தைப் பார்த்தே சொல்லிவிட்டீர்கள்.

நடுவில் தொங்கும் பிறையை நாஜா என்பார்கள். அது முதலில் குதிரையின் நெற்றியில், கடிவாளத்தில் தொங்கியது. ஸ்பெயினை ஆண்ட, வட ஆப்பிரிக்காவிலிருந்து வந்த முஸ்லிம்களான மூர்களிடமிருந்து ஸ்பானியர்களுக்கு வந்து, அவர்களிடமிருந்து கடல் தாண்டி இந்தப் பாலைவனத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறது. நம் நாகர்கோவில் வடசேரிப் பட்டறையில் நடன நகைக்கு நீங்கள் செய்யும் சந்திரப்பிறைக்கும் இதற்கும் உறவு ஏதும் இருப்பதாக நான் சொல்லவில்லை. ஆனால் முதன்முதலில் ஒரு நாஜாவைக் கண்ணாடிப் பெட்டிக்குள் பார்த்தபோது, கெம்புக்கல் பதிக்காமல் விட்டுவைத்த உங்கள் வேலையைப் பார்த்ததுபோல் நின்றுவிட்டேன்.

நவஹோ மக்களுக்கு வெள்ளி வேலை வந்த கதையை உங்களுக்குச் சொல்ல வேண்டும். அட்சிடி சானி என்பவரைத்தான் முதல் கொல்லராகச் சொல்கிறார்கள். பெயருக்கே 'மூத்த கொல்லர்' என்றுதான் அர்த்தம். மெக்சிகோக் கொல்லர் ஒருவரிடம் முதலில் இரும்பு வேலை கற்று, பிறகு வெள்ளிக்கு வந்தவர். 1864இல் அமெரிக்க ராணுவம் இவர்களின் சோளக் காடுகளையும் பீச் மரங்களையும் அழித்து, எட்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்களை 300 மைலுக்கும் அப்பால் ஒரு முகாமுக்கு நடத்திக்கொண்டு போனது. வழியிலும் முகாமிலுமாக நிறையப் பேர் இறந்தார்கள். 1868இல் ஒப்பந்தம் எழுதி, சொந்த மண்ணுக்குத் திரும்பினார்கள். வெள்ளி வேலை தழைத்தது அதற்குப் பிறகுதான். எல்லாவற்றையும் இழந்து வந்தவர்கள் நகை செய்துகொண்டார்கள் என்பதை நான் பலமுறை யோசித்திருக்கிறேன். பாட்டிக்கு இது புரியும். திருட்டு போகாமல், கூடவே நடந்து வரும் சொத்து அதுதானே.

வெள்ளிக்கு அவர்களிடம் சுரங்கம் இல்லை. அமெரிக்க வெள்ளி டாலரை உருக்கினார்கள். அதில் நூற்றுக்குத் தொண்ணூறு வெள்ளி. நாணயத்தைச் சிதைக்கக் கூடாது என்று 1890 வாக்கில் அரசாங்கம் கெடுபிடி செய்தபோது மெக்சிகோ பெசோவுக்கு மாறினார்கள். பாட்டியின் காசுமாலையில் காசு காசாகவே தொங்கும். இங்கே காசு உருகி மணியாகிவிட்டது. 1880களின் தொடக்கத்தில் வாஷிங்டன் மேத்யூஸ் என்ற ராணுவ மருத்துவர், இந்த ஊருக்குப் பக்கத்துக் கோட்டையில் வேலை பார்த்தவர், கொல்லர்களின் அருகில் உட்கார்ந்து பார்த்து எழுதி வைத்திருக்கிறார். ஆட்டுத்தோல் துருத்தி, மரக்கரி, ஊதுகுழல், பற்றவைக்கப் போடும் வெங்காரம். படித்துக்கொண்டே வந்தவள் வெங்காரம் என்ற இடத்தில் நிறுத்திவிட்டேன். நம் பட்டறையின் வாசனை எனக்கு வந்தது.

இனி, நான் இதை வாங்கிய கதை. முதலில் ஏமாந்தேன். வந்த புதிதில், நெடுஞ்சாலை ஓரத்துக் கடை ஒன்றில், பழைய நவஹோ வேலை என்று சொல்லி ஒரு சின்ன மாலையைக் கொடுத்தார்கள். உங்கள் மகளாக இருந்துகொண்டு நான் அதைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை. கல்லின் நீல நிறத்தில் மயங்கிவிட்டேன். அறைக்கு வந்து வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தால், பூக்கள் எல்லாம் ஒரே அச்சில் வார்த்தவை. ஒரு பூவின் இதழில் இருந்த சின்னப் பள்ளம் பத்துப் பூவிலும் அதே இடத்தில் இருந்தது. கல்லும் கல்லில்லை, சாயம் ஏற்றிய ஏதோ ஒன்று. உள்நாட்டுப் பழங்குடி மக்கள் செய்யாததை அவர்கள் செய்ததாகச் சொல்லி விற்பது இங்கே 1990ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். முதல் தடவைக்கே ஐந்து வருடம் வரை சிறையும் இரண்டரை லட்சம் டாலர் வரை அபராதமும் உண்டு. அப்படியிருந்தும் வெளிநாட்டில் மலிவாகச் செய்து கொண்டுவந்து விற்கிறார்கள். கையால் அடித்துச் செய்பவன் கேட்கும் விலை இதனால் அதிகமாகத் தெரிகிறது. எனக்குப் பணம் போனதைவிட இதில்தான் கோபம்.

அதன் பிறகு எங்கள் பள்ளியில் உதவி ஆசிரியராக இருக்கும் ஒரு நவஹோ அம்மாவிடம் போய்ச் சொன்னேன். அறுபது வயது இருக்கும். அவர் திட்டவில்லை. சனிக்கிழமை சந்தைக்கு என்னைக் கூட்டிக்கொண்டு போனார். ஒரு பக்கம் சுட்ட ஆட்டிறைச்சியும் எண்ணெயில் பொரித்த ரொட்டியும் விற்பார்கள், இன்னொரு பக்கம் மேசை மேல் துணி விரித்துக் கொல்லர்களே நகை விற்பார்கள். அங்கே நகையைக் கையில் வாங்கியதும் அவர் முதலில் பின்பக்கம் திருப்பினார். அப்பா, அந்த ஒரு அசைவில் நான் உங்களைப் பார்த்தேன்.

அவர் சொல்லிக்கொடுத்ததை எழுதுகிறேன், நீங்கள் சரிபார்க்க வேண்டும். பழைய மணி ஒவ்வொன்றும் இரண்டு அரைக்கோளம். தகட்டை வட்டமாக வெட்டி, குழியில் வைத்துத் தட்டி, இரண்டையும் சேர்த்துப் பற்றவைத்திருப்பார்கள். பற்று ஓடிய கோடு நகக்கண்ணுக்குத் தட்டுப்படும். ஒரு மணிபோல் இன்னொரு மணி இருக்காது. கயிறு கோத்த துளையின் ஓரம் பல வருடம் உரசி வழுவழுப்பாகத் தேய்ந்திருக்கும்; புதிதாகச் செய்து பழசென்று விற்பவர்கள் பெரும்பாலும் கோட்டைவிடுவது இந்த இடத்தில்தான். முத்திரை இருக்கிறதா என்று தேடக் கூடாது. வெள்ளியின் தரத்தைக் காட்ட ஸ்டெர்லிங் என்று அடிப்பதும் கொல்லர் தன் பெயரைப் பொறிப்பதும் பின்னால் வந்த வழக்கம். பழைய வேலையில் பெரும்பாலும் ஒன்றும் இருக்காது. முத்திரையை நம்பி நகை வாங்குகிறவனைப் பற்றி நீங்கள் சொல்வது நினைவுக்கு வந்தது.

கல் விஷயம் தனி. டர்க்காய்ஸ், வடக்கத்திக் கல் வியாபாரிகள் பிரோசா என்று கொண்டுவருவார்களே, அதுதான். செம்பு கலந்தால் நீலம், இரும்பு கூடினால் பச்சை. அணிகிறவரின் தோல் எண்ணெயைக் குடித்து வருடங்கள் போகப்போக நிறம் மாறும். அரிசோனாவில் ஸ்லீப்பிங் பியூட்டி என்ற சுரங்கத்தில் கறை இல்லாத வான நீலக் கல் வந்தது. 2012இல் அங்கே கல் எடுப்பதை நிறுத்தியதும் விலை ஏறிவிட்டது. இப்போது சந்தையில் இருக்கும் கல்லில் பெரும்பகுதி பிசின் ஏற்றிக் கெட்டிப்படுத்தியது. அதைச் சொல்லி விற்றால் தப்பில்லை. நாம் கல்லுக்கு அடியில் அரக்கு வைப்பதுபோல், பழைய நகைகளில் மரத்தூள் வைத்துக் கல்லை உட்காரவைத்திருக்கிறார்கள். அதனால் தண்ணீரில் போடவே கூடாது. தூள் ஊறிக் கல்லைத் தூக்கிவிடும்.

இப்போது நான் சொல்லத் தயங்கிய இடத்துக்கு வருகிறேன்.

இந்த ஊரில் அடகுக்கடைகள் அதிகம். முன்பு நவஹோ நிலத்துக்குள் இருந்த வணிக நிலையங்களிலேயே அடகு பிடித்தார்கள். 1878இல் லொரென்சோ ஹப்பெல் என்ற வணிகர் அரிசோனாவின் கனாடோவில் வாங்கிய நிலையம் இன்றும் இயங்குகிறது. போய்ப் பார்த்தேன், நடந்தால் மரத்தரை கிரீச்சிடும். 1970களில் விதிகள் கடுமையானபோது அடகு வியாபாரம் கேலப் போன்ற எல்லை ஊர்களுக்கு நகர்ந்துவிட்டது. கம்பளம், சேணம், துப்பாக்கி, நகை எல்லாவற்றையும் வைப்பார்கள். பணத் தேவைக்காக மட்டும் வைப்பதில்லை. வீட்டைவிடக் கடைப் பெட்டகம் பத்திரம் என்று வைத்துவிட்டு, சடங்குக்கு எடுத்து அணிந்து, மறுபடி கொண்டுபோய் வைப்பவர்களும் உண்டு. எங்கள் பள்ளி அம்மாவின் பாட்டி மாலை அப்படித்தான் இருக்கிறது.

மீட்காமல் போனால் அதைச் செத்த அடகு என்கிறார்கள். நாம் மூழ்கிவிட்டது என்போம். என் பி.எட். கட்டணத்துக்காக வைத்த அம்மாவின் அட்டிகை மூழ்கிய நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. நீங்கள் செய்து போட்ட அட்டிகை அது. அன்று நீங்கள் பட்டறையில் விளக்கை அணைக்காமல் வெகுநேரம் உட்கார்ந்திருந்தீர்கள்.

அதனால் அந்தக் கடையில் செத்த அடகுத் தட்டை வெளியே எடுத்து வைத்தபோது என் கை நீளவில்லை. ஒவ்வொரு நகையிலும் சின்னச் சீட்டு கட்டியிருந்தது. நான் பார்த்த மாலையில் பத்துப் பூ, பக்கத்துக்கு ஐந்து, நாஜாவின் நடுவில் பச்சை ஓடிய ஒரே ஒரு கல். 1940களின் வேலை என்று கடைக்காரர் கணித்தார். கல்லோடு சேர்த்து 176 கிராம், உங்கள் கணக்கில் இருபத்திரண்டு பவுன் எடை. இதன் வீட்டுக்காரர்கள் எங்கே என்று கேட்டேன். கெடு முடிந்து நான்கு வருடம் வைத்திருந்ததாகவும் மூன்று முறை கூப்பிட்டுச் சொன்னதாகவும், அந்த மூதாட்டி இறந்த பிறகு மகன்களே விற்றுவிடச் சொன்னதாகவும் கடைக்காரர் பதிவேட்டைக் காட்டினார். அதன் பிறகும் எனக்கு மனம் வரவில்லை. பள்ளி அம்மாவிடம் கேட்டேன். அலமாரியில் கிடப்பதைவிட, அது எங்கிருந்து வந்தது என்று தெரிந்தவள் அணிந்தால் நல்லது என்றார். டர்க்காய்ஸ் அணிந்தவளைத் தெய்வங்கள் அடையாளம் கண்டுகொள்ளும் என்பது அவர்கள் நம்பிக்கை.

850 டாலர். ஆறு தவணையில் கட்டி, போன மாதம் எடுத்தேன். வீட்டுக்கு அனுப்பும் பணத்தில் ஒரு ரூபாயும் குறைக்கவில்லை, அம்மாவிடம் சொல்லுங்கள். அதே சந்தையில் ஓர் இளைய கொல்லரிடம் பாட்டிக்கு ஒரு சின்ன வெள்ளி மோதிரமும் வாங்கியிருக்கிறேன். பழைய நகையை மட்டும் வாங்கிக்கொண்டிருந்தால் இன்றைக்குத் தட்டுகிறவன் என்ன சாப்பிடுவான் என்று நீங்கள்தான் கேட்பீர்கள்.

மாலையைப் புதிதாகக் கோத்துக் கொடுக்கும்போது ஒரு மணியைத் தனியே எடுத்துவைத்தார்கள். பற்று விட்டு இரண்டாகப் பிரிந்துவிட்டது. இங்கேயே சரிசெய்து தருகிறேன் என்றார்கள், நான் மறுத்துவிட்டேன். பொங்கலுக்கு ஊருக்கு வரும் சக ஆசிரியையிடம் அந்த இரண்டு பாதிகளையும் பஞ்சில் சுற்றிக் கொடுத்தனுப்புகிறேன். உட்பக்கம் யாரும் மெருகு போடாத பக்கம்; சுத்தியல் விழுந்த இடமெல்லாம் அப்படியே தெரிகிறது. கண்ணாடி போட்டுப் பாருங்கள். எத்தனை அடியில் குழித்திருக்கிறார், பற்றவைத்த பொடியில் என்ன கலந்திருக்கிறார் என்று எனக்கு எழுதுங்கள். பிறகு நீங்களே பற்றவைத்து அனுப்புங்கள்.

பூந்திக்கொட்டை போட்டு விளக்கிவிடாதீர்கள். அந்தக் கறுப்பு அப்படியே இருக்கட்டும்.

உங்கள் அன்பு மகள்